கள்ளி எல்லாம் ஒரே கள்ளி இல்லை



இந்த மாதச் சுவர்த்தாளுக்கு ஒரு தாவரம் பற்றி எழுதித் தா என்று அறிவியல் டீச்சர் கேட்டபோது, கடுக்காய் மரம் பற்றி எழுதுகிறேன் என்றுதான் நான் முதலில் சொன்னேன். நம்ம மலையில் கடுக்காய் பற்றி எழுதக் கேட்கவா வேண்டும், வீட்டுக்கு வீடு காய்கிறதே. ஆனால் அன்று ராத்திரி படுத்துக்கொண்டு யோசித்ததில், நான் எழுத வேண்டியது கள்ளி பற்றித்தான் என்று தோன்றியது. கள்ளி விஷயத்தில் எனக்கு ஒரு கடன் இருக்கிறது. அதை முதலில் சொல்லிவிட்டுப் பாடத்துக்கு வருகிறேன்.

போன கோடை விடுமுறையில் நானும் என் தம்பியும் போளூர் பக்கம் உள்ள எங்கள் மாமா ஊருக்குப் போயிருந்தோம். மலையை விட்டுக் கீழே இறங்கினால் வெயில் எப்படி இருக்கும் என்று உங்களுக்கே தெரியும். மாமா நிலத்துக்குப் போகிற வழியில் கரட்டு ஓரமாக ஒரு பெரிய கள்ளி நிற்கும். செடி இல்லை, மரம். என் இடுப்பு உயரத்துக்கு மொத்தமான அடிமரம், அதற்கு மேல் குத்துவிளக்கு மாதிரி பச்சைக் கிளைகள் எல்லாப் பக்கமும் எழும்பி நிற்கும். தம்பி நாலாவது படிக்கிறான். "அக்கா, தாகமா இருக்குது" என்றான். நான் பெரிய மேதை மாதிரி, "கள்ளி தண்டுல தண்ணிய சேத்து வெச்சிக்கும்டா, எங்க பாடத்துல இருக்குது" என்று சொன்னேன். டிவியில் ஒருத்தர் பாலைவனத்தில் கள்ளியை வெட்டித் தண்ணீர் குடிக்கிற மாதிரி வந்ததை அவன் வேறு பார்த்திருக்கிறான். நான் முன்னால் நடந்துவிட்டேன். அவன் பின்னாடி நின்று, கையில் இருந்த கொடுவாளால் ஒரு கிளையை ஒரே போடு போட்டான்.

தண்ணீர் வரவில்லை. பால் தெறித்தது. கண்ணில்.

அவன் கத்தின கத்தலை நான் இங்கே எழுதப் போவதில்லை. கண்ணைப் போட்டுக் கசக்குகிறான், கையிலும் பால் இருக்கிறது, அதனால் இன்னும் எரிகிறது. அங்கே ஆடு மேய்த்துக்கொண்டிருந்த ஒரு தாத்தா ஓடி வந்து, அவன் கையைப் பிடித்துக்கொண்டு, பம்புசெட்டுத் தொட்டியில் தலையைச் சாய்த்துத் தண்ணீரை ஊற்று ஊற்று என்று ஊற்றினார். வீட்டுக்குப் போனதும் எரிச்சல் கொஞ்சம் அடங்கின மாதிரி இருந்தது. சரியாகிவிட்டது என்று நினைத்தோம். பக்கத்து வீட்டு ஆயா தாய்ப்பால் விடலாம் என்று கூடச் சொன்னார்கள், அத்தை வேண்டாம் என்றுவிட்டார். மறுநாள் காலையில் கண் வீங்கித் திறக்கவே முடியவில்லை. வெளிச்சத்தைப் பார்த்தாலே அழுகிறான். ஆஸ்பத்திரிக்குத் தூக்கிக்கொண்டு போனோம்.

டாக்டர் அம்மா முதலில் கேட்டது, "என்ன செடிம்மா?"

"கள்ளி."

"எந்தக் கள்ளி?"

எனக்குப் பதில் தெரியவில்லை. பாடத்தில் கள்ளி என்று படித்தேன், காட்டில் கள்ளி என்று பார்த்தேன், இரண்டும் ஒன்று என்று நினைத்துவிட்டேன். அவ்வளவுதான் நடந்தது.

தம்பிக்கு ஒரு வாரம் சொட்டு மருந்து விட்டதில் கண் நன்றாகிவிட்டது. இப்போது என்னைவிட நன்றாகப் பார்க்கிறான். பள்ளி திறந்ததும் நான் இதை டீச்சரிடம் சொன்னேன். அவர் திட்டவில்லை. தன் போனில் ஒரு படம் எடுத்து, "இது என்ன மரம் சொல்லு" என்று நீட்டினார். மொத்தமான மர அடி, மேலே குத்துவிளக்கு மாதிரி பச்சைக் கிளைகள், வரப்பு வரப்பாக விளிம்பு, விளிம்பில் முள். "இதுதான் டீச்சர்! மாமா ஊர் கள்ளி இதேதான்" என்றேன். அவர் சிரித்துவிட்டு, "இது கியூபாவுல நிக்குது" என்றார்.

கியூபா என்பது கரீபியன் கடலில் உள்ள தீவு. அங்கே இயற்கையாக வளரும் அந்த மரத்தின் பெயர் டென்ட்ரோசீரியஸ். டென்ட்ரோ என்றால் கிரேக்க மொழியில் மரம். பத்து மீட்டர் வரை வளரும், அதாவது மூன்று மாடி உயரம். அது உண்மையான கள்ளிக் குடும்பம், ஆங்கிலத்தில் கேக்டஸ் என்பது. மாமா ஊரில் நிற்பது நம்முடைய சதுரக்கள்ளி. அது ஆமணக்கு, மரவள்ளிக் கிழங்கு இவற்றின் குடும்பம். பார்க்க அண்ணன் தம்பி மாதிரி இருந்தாலும் இரண்டுக்கும் சொந்தமே கிடையாது!

இது எப்படி? மழை குறைவு, வெயில் அதிகம் என்ற ஒரே கஷ்டம் இரண்டு இடத்திலும் இருந்திருக்கிறது. இலை இருந்தால் தண்ணீர் ஆவியாகிப் போகும். அதனால் இரண்டுமே இலையை விட்டுவிட்டு, தண்டையே பச்சையாக்கி அதிலேயே உணவு தயாரிக்கக் கற்றுக்கொண்டன. இலைத்தொழில் தண்டு என்று நாம் படித்தது இதுதான். ஆடு மாடு கடிக்காமல் இருக்க முள். சம்பந்தம் இல்லாத இரண்டு உயிர்கள் ஒரே மாதிரி கஷ்டத்தால் ஒரே மாதிரி உருவத்துக்கு வந்து சேர்வதைக் குவி பரிணாமம் என்கிறார்கள். வௌவாலுக்கும் பட்டாம்பூச்சிக்கும் இறக்கை இருக்கிற மாதிரி.

சரி, கண்டுபிடிப்பது எப்படி? முதலில் பாலைப் பார்க்கத்தான் எல்லோருக்கும் தோன்றும். சதுரக்கள்ளியைக் கீறினால் வெள்ளைப் பால் வரும். கேக்டஸ் குடும்பத்தில் பெரும்பாலானவற்றில் பால் இருக்காது, தெளிந்த வழவழப்பான சாறுதான். ஆனால் தயவுசெய்து கீறிப் பார்க்காதீர்கள். கீறாமலே சொல்ல வழி இருக்கிறது.

முள்ளைப் பாருங்கள். கேக்டஸில் முள் நேராகத் தண்டிலிருந்து முளைக்காது. பஞ்சு வைத்த சின்ன மெத்தை மாதிரி ஒரு பொட்டு இருக்கும். அந்தப் பொட்டில் இருந்துதான் முள் கொத்தாக வரும், பூவும் அதில் இருந்து, புதுக் கிளையும் அதில் இருந்தே. இந்த மெத்தைப் பொட்டு கேக்டஸ் குடும்பத்துக்கு மட்டுமே உரிய அடையாளம். சதுரக்கள்ளியில் மெத்தை கிடையாது. விளிம்பு மேட்டில் இரண்டிரண்டு முள்ளாக, மாட்டுக் கொம்பு மாதிரி ஜோடியாக நிற்கும். (பக்கத்தில் இரண்டையும் படம் போட்டிருக்கிறேன். முள் கொஞ்சம் பெரிசாக வந்துவிட்டது, மன்னிக்கவும்.)

பூவும் காட்டிக்கொடுத்துவிடும். கேக்டஸ் பூ பெரியது, நிறைய இதழ்கள் இருக்கும், தூரத்திலிருந்தே தெரியும். சதுரக்கள்ளிப் பூ மஞ்சளாகச் சின்னக் கிண்ணம் மாதிரி, விளிம்பை ஒட்டி இருக்கும். நிறையப் பேர் அதைப் பூ என்றே நினைத்திருக்க மாட்டார்கள். அதன் காயைப் பார்த்தால் ஆமணக்குக் காய் மாதிரி மூன்று அறையாகப் பிரிந்திருக்கும். அப்போது அது எந்தக் குடும்பம் என்று தெரிந்துவிடும் இல்லையா? பெயரில் சதுரம் இருந்தாலும் இளம் கிளைக்குப் பெரும்பாலும் மூன்று விளிம்புதான். ஏன் சதுரக்கள்ளி என்று பெயர் வைத்தார்களோ!

இப்போது நீங்கள் கேட்கலாம், அப்படியானால் நம்ம பக்கம் உண்மையான கேக்டஸே கிடையாதா என்று. இருக்கிறது. சப்பாத்திக்கள்ளி. சப்பாத்தி மாதிரி தட்டையாக, ஒன்றின் மேல் ஒன்று ஒட்டி வளருமே, அது. நாகதாளி என்றும் சொல்வார்கள், பாம்பு படம் எடுத்த மாதிரி இருப்பதால். மஞ்சள் பூ பூக்கும், பழம் சிவப்பு. பழத்தில் இருக்கும் பொடி முள்ளைக் கல்லில் தேய்த்துவிட்டுத் தின்றால் வாய் எல்லாம் ரத்தம் குடித்த மாதிரி ஆகிவிடும். அதன் தட்டில் முள்ளால் தன் பெயரையும் இன்னொருத்தர் பெயரையும் எழுதாத பையன் மாமா ஊரில் ஒருத்தன்கூட இல்லை. யார் யார் பெயர் என்று நான் சொல்ல மாட்டேன்.

ஆனால் அந்தச் சப்பாத்திக்கள்ளி நம்ம ஊர்ச் செடியே இல்லை. கியூபா இருக்கும் அதே கரீபியன் கடல் ஓரத்துக்காரச் செடி அது. கேக்டஸ் குடும்பத்தில் 1,500 வகைக்கு மேல் இருக்கின்றன. எல்லாமே அமெரிக்கக் கண்டங்களையும் அதைச் சுற்றியுள்ள தீவுகளையும் சேர்ந்தவை. ஒன்றே ஒன்று மட்டும் விலக்கு. ரிப்சாலிஸ் என்று ஒரு கள்ளி மரக்கிளையில் தொங்கி வளரும். அது ஆப்பிரிக்காவிலும் மடகாஸ்கரிலும் இலங்கைக் காடுகளிலும்கூட இயற்கையாக இருக்கிறது. பறவை கொண்டு வந்திருக்கலாம் என்கிறார்கள். மற்ற எந்தக் கேக்டஸ் இங்கே நின்றாலும் மனிதர் கொண்டு வந்ததுதான். 1492-ல் கொலம்பஸ் அந்தத் தீவுகளுக்குப் போன பிறகுதான் கள்ளிகள் கப்பலில் ஏறி ஊர் ஊராகப் போக ஆரம்பித்தன.

இதைக் கேட்டதும் எனக்கு ஒரு சந்தேகம் வந்தது. சங்க காலப் பாட்டில் கள்ளி வருகிறதே, அது எப்படி? தமிழ் ஐயாவிடம் போய்க் கேட்டேன். குறுந்தொகையில் பாலை பாடிய பெருங்கடுங்கோ எழுதிய 16-வது பாட்டைக் காட்டினார். கள்ளிக் காட்டில் ஒரு பல்லி தன் ஜோடியைக் கூப்பிடுகிற சத்தம் அதில் வருகிறது. அந்தக் கள்ளிக்கு அழகான அடிமரம் இருப்பதாகப் புலவர் சொல்கிறார். அடிமரம்! அப்படியானால் அது செடி இல்லை, மரம். கொலம்பஸுக்கு ஆயிரம் வருஷத்துக்கும் முன்னால் எழுதியது, அதனால் கேக்டஸாக இருக்க வாய்ப்பே இல்லை. மாமா ஊரில் நிற்கும் சதுரக்கள்ளியின் பாட்டனாகத்தான் இருக்க வேண்டும் என்பது என் முடிவு. ஐயாவும் சரிதான் என்றார். ஆக, கள்ளி என்ற பெயர் முதலில் நம்ம பால் கள்ளிக்கு உரியது. கப்பலில் வந்த கேக்டஸுக்கு முள்ளைப் பார்த்து நாம்தான் அதே பெயரைக் கொடுத்துவிட்டோம். குழப்பம் அங்கேதான் ஆரம்பம்.

சப்பாத்திக்கள்ளி வகைகளை எதற்காகக் கொண்டு வந்தார்கள் என்று படித்தபோது ஒரு கதையே கிடைத்தது. மெக்சிகோவில் இந்தக் கள்ளிகளின் மேல் ஒரு பூச்சி வளரும். கொச்சினீல் என்று பெயர். நசுக்கினால் அருமையான சிவப்புச் சாயம். தங்கம் மாதிரி விலை. அந்த வியாபாரம் முழுக்க ஸ்பெயின் நாட்டுக்காரர் கையில் இருந்தது. நாமும் செய்தால் என்ன என்று ஆங்கிலேயக் கம்பெனிக்கு ஆசை. 1780-களின் கடைசியில் சென்னையில் ஜேம்ஸ் ஆண்டர்சன் என்ற கம்பெனி டாக்டர் சைதாப்பேட்டையில் கள்ளிக்காகவே ஒரு தோட்டம் போட்டார். நாம் பூந்தோட்டம் போடுவோம், அவர் முள் தோட்டம் போட்டார்! 1795-ல் நீல்சன் என்ற கேப்டன் பிரேசிலில் இருந்து பூச்சியையும் வங்காளத்துக்குக் கொண்டு வந்தார். ஆனால் அவர் கொண்டு வந்தது மெக்சிகோவின் நல்ல ஜாதிப் பூச்சி இல்லை, காட்டு வகை. சாயம் மட்டம். ஆசை அவ்வளவுதான். அங்கேயும் பூச்சி எல்லாம் பூச்சிதான் என்று நினைத்திருப்பார்கள் போல, என்னை மாதிரி.

அந்தக் காட்டுப் பூச்சி வேறு ஒரு வேலை செய்தது. அதற்குப் பிடித்த ஒரு வகைக் கள்ளியை உறிஞ்சி உறிஞ்சிப் பட்டுப்போகச் செய்துவிட்டது. அதைப் பார்த்து 1836-க்கும் 1838-க்கும் நடுவில் தென்னிந்தியாவுக்கு அதை வேண்டுமென்றே கொண்டு வந்து விட்டார்கள். களையைப் பூச்சி வைத்து அழித்ததற்கு உலகத்திலேயே மிகப் பழைய உதாரணங்களில் இது ஒன்று. ஆனால் மஞ்சள் பூ சப்பாத்திக்கள்ளியை அந்தப் பூச்சி தொடவே இல்லை. அது பாட்டுக்கு வேலி தாண்டி, மேய்ச்சல் நிலம் தாண்டிப் பரவிக்கொண்டே போனது. கடைசியில் 1926-ல் இலங்கையில் இருந்து வேறொரு கொச்சினீல் பூச்சியைக் கொண்டு வந்தார்கள். அது ஐந்தாறு வருஷத்தில் தென்னிந்தியாவில் சுமார் 40,000 ஹெக்டேர், அதாவது ஒரு லட்சம் ஏக்கர் கள்ளியை அழித்துவிட்டது. கீழே போகும்போது சப்பாத்திக்கள்ளித் தட்டில் வெள்ளைப் பஞ்சு ஒட்டின மாதிரி இருந்தால் அதுதான் அந்தப் பூச்சி. குச்சியால் நசுக்கினால் ரத்தச் சிவப்பு வரும். இதை நான் செய்து பார்த்துவிட்டேன். நோட்டில் அந்தக் கறை இன்னும் இருக்கிறது.

அந்தப் பூச்சிகள் சதுரக்கள்ளி பக்கம் போகவே இல்லை. மனிதர் குழம்பினாலும் பூச்சி குழம்பவில்லை.

கள்ளி என்ற பெயரில் இன்னும் இரண்டு பேர் இருக்கிறார்கள், வேகமாகச் சொல்லிவிடுகிறேன். பச்சைக் குச்சி குச்சியாக வேலியில் நிற்கும் திருகுகள்ளியும் பால் கள்ளிதான், அதுவும் கண்ணுக்கு ஆபத்து. அதன் அறிவியல் பெயர் யூஃபோர்பியா திருக்கள்ளி. மலையாளக் கரையில் மக்கள் சொன்ன பெயரையே லின்னேயஸ் 1753-ல் அப்படியே வைத்துக்கொண்டார். அடுத்தது ரணகள்ளி. இலை ஓரத்தில் குட்டிக் குட்டியாகச் செடி முளைக்குமே, அது. அது கேக்டஸும் இல்லை, பால் கள்ளியும் இல்லை, மூன்றாவது குடும்பம். தரங்கம்பாடிக்கு வந்து, பிறகு கம்பெனி வேலையில் இருந்த பெஞ்சமின் ஹைன் என்பவர் அதன் இலையைக் காலையில் வாயில் போட்டால் புளிப்பு, மத்தியானம் சப்பென்று இருக்கிறது என்று எழுதிய கடிதம் 1815-ல் அச்சானது. காரணம், அந்தச் செடி பகலில் இலைத்துளையை மூடிக்கொள்ளும். ராத்திரியில் திறந்து கரியமில வாயுவை எடுத்து அமிலமாகச் சேர்த்து வைக்கும். பகலில் அதைச் செலவழித்து உணவு தயாரிக்கும். தண்ணீர் வீணாகாது. சதுரக்கள்ளியும் கேக்டஸும் இதே தந்திரத்தைத்தான் செய்கின்றன. அவர் ருசி பார்த்தார் என்று நீங்களும் எதையாவது பிடுங்கி வாயில் போடாதீர்கள்!

கள்ளிப்பால் என்றதும் பெரியவர்கள் முகம் மாறுவதைப் பார்த்திருக்கிறேன். பெண் குழந்தை பிறந்தால் அதைக் கொடுத்த காலம் தமிழ்நாட்டில் சில மாவட்டங்களில் இருந்திருக்கிறது. அதைத் தடுக்க 1992-ல் சேலத்தில் தொட்டில் குழந்தைத் திட்டம் ஆரம்பித்தார்கள். நானும் எங்கள் வீட்டில் மூத்த பெண். இதற்கு மேல் எழுத எனக்கு வரவில்லை. பழி மரத்து மேல் இல்லை என்பது மட்டும் தெரியும்.

கடைசியாக, டாக்டர் அம்மா சொன்னதை எழுதிவிடுகிறேன். பால் கண்ணில் பட்டால் கசக்கக் கூடாது. கையைக் கழுவிவிட்டு, சுத்தமான தண்ணீரை நிறுத்தாமல் கால் மணி நேரத்துக்குக் குறையாமல் கண்ணில் ஊற்ற வேண்டும். இமையைத் திறந்து பிடித்து ஊற்ற வேண்டும். எண்ணெய், பச்சிலை, தாய்ப்பால் எதையும் விடக் கூடாது. எரிச்சல் குறைந்துவிட்டது என்று சும்மா இருந்துவிடக் கூடாது, மறுநாள்தான் அதிகமாகும். அன்றைக்கே ஆஸ்பத்திரிக்குப் போக வேண்டும். எந்தச் செடி என்று சொல்லத் தெரிந்திருக்க வேண்டும். தெரியாவிட்டால் ஒரு துண்டைக் கவரில் போட்டு எடுத்துக்கொண்டு போகலாம். கேக்டஸாக இருந்தாலும் வெட்டிக் குடிக்கத் தண்ணீர் கிடைக்காது. பெரும்பாலும் குமட்டுகிற கூழ்தான் வருமாம். அந்த டிவிக்காரர் என்ன குடித்தார் என்று எனக்கு விளங்கவில்லை.

இதைத் தம்பிக்குப் படித்துக் காட்டினேன். "நான் கத்துனத ஏன் எழுதின?" என்று கோபித்துக்கொண்டான். பிறகு, "அந்தத் தாத்தாவ எழுதினியா?" என்றான். எழுதியிருக்கிறேன்.

படித்தவர்களுக்கு ஒரு கேள்வி. கீழே மூன்று படம் வரைந்திருக்கிறேன். அ, ஆ, இ. எது பால் கள்ளி, எது கேக்டஸ், எது இரண்டும் இல்லை? முள்ளை மட்டும் பார்த்துச் சொல்ல வேண்டும். விடையைத் துண்டுச் சீட்டில் எழுதி வெள்ளிக்கிழமைக்குள் ஒன்பதாம் வகுப்பில் என்னிடம் கொடுங்கள்.